சர் ஜான் எலியட்: அவையின் சொல்லும் அரசனின் சிறையும்

இங்கிலாந்து நாடாளுமன்ற வரலாற்றில் சர் ஜான் எலியட் (1592–1632) ஒரு தியாகியாகவே பெரும்பாலும் காட்டப்பட்டு வந்துள்ளார். அப்பார்வை தவறன்று. எனினும், அரசவையின் செல்வாக்கால் பதவி பெற்ற ஒருவர் அதே செல்வாக்கை எதிர்த்துச் சிறையில் மடியும் நிலைக்கு எவ்வாறு வந்தார் என்னும் வினாவை அது மறைத்துவிடுகிறது.

கார்ன்வால் பகுதியின் செயின்ட் ஜெர்மன்ஸ் என்னும் ஊரில், நிலவுடைமைக் குடும்பத்தில் எலியட் பிறந்தார். இளமையில் கடுஞ்சினத்தவர். தம் ஊதாரித்தனத்தைத் தந்தையிடம் எடுத்துரைத்த அயலார் ஒருவரை வாளால் காயப்படுத்திப் பின்னர் எழுத்து வழியாக மன்னிப்பும் கோரினார். ஆக்ஸ்போர்டின் எக்சிட்டர் கல்லூரியில் பயின்று, பட்டம் பெறாமலே வெளியேறினார். பிரான்சில் பயணம் செய்தபோது ஜார்ஜ் வில்லியர்ஸ் என்னும் இளைஞரோடு நட்புக் கொண்டார். இவரே பின்னாளில் பக்கிங்ஹாம் கோமகனாகி, ஜேம்ஸ், சார்லஸ் ஆகிய இரு மன்னர்களின் பெருநம்பிக்கைக்கும் உரியவரானார். கோமகன் கடற்படைத் தலைவரானபின், 1622இல் எலியட் டெவன் பகுதியின் கடற்படைத் துணைத்தலைவராக அமர்த்தப்பட்டார்.

கடற்கொள்ளையரை ஒடுக்குவது அப்பதவியின் கடமை. 1623இல் ஜான் நட் என்னும் பெயர்பெற்ற கொள்ளையனை எலியட் தந்திரமாகப் பிடித்தார். நட்டுக்கு அரசவையில் ஆதரவு இருந்தது. கொள்ளையன் மன்னிப்புப் பெற்றான், பிடித்த அதிகாரியோ மார்ஷல்சி சிறைக்கு அனுப்பப்பட்டார். பக்கிங்ஹாம் அப்போது ஸ்பெயினில் இருந்தார். புரவலர் ஒருவரின் நிழலை நம்பி வாழ்வதன் நிலையாமையை எலியட் முதலில் உணர்ந்தது இந்நிகழ்ச்சியிலேயே எனலாம்.

ஆயினும் உறவு முறிந்தது 1625இன் இறுதியில்தான். ஸ்பெயினின் காடிஸ் துறைமுகத்தின்மீது பக்கிங்ஹாமின் ஏற்பாட்டில் சென்ற படை பயனொன்றும் இன்றித் திரும்பியது. பிளிமத் துறையில் வந்திறங்கிய மாலுமிகள் பசியாலும் நோயாலும் தெருக்களில் மாண்டனர். துணைத்தலைவர் என்ற முறையில் எலியட் இதனை நேரில் கண்டார். கோமகன்மீது அவர் கொண்ட பகையைத் தன்னல ஏமாற்றத்தின் விளைவாக மட்டும் கொள்வோர், பிளிமத்தில் அவர் கண்டவற்றைப் போதிய அளவு கருதவில்லை.

1626இல் நாடாளுமன்றம் பக்கிங்ஹாம்மீது பெருங்குற்றச்சாட்டுக் கொணர்ந்தபோது, அதன் முடிவுரையை ஆற்றியவர் எலியட். ரோமப் பேரரசன் திபேரியசின் அமைச்சனான செஜானசோடு கோமகனை அவர் ஒப்பிட்டார். அவ்வாறாயின் தாம் திபேரியசா எனச் சார்லஸ் சினந்தது இயல்பே. எலியட் லண்டன் கோபுரச் சிறையில் அடைக்கப்பட்டார். அவர் விடுவிக்கப்படும்வரை வேறு அலுவல் பார்ப்பதில்லை எனப் பொதுமக்கள் அவை மறுத்ததால், சில நாள்களில் வெளிவந்தார். அதே ஆண்டில் அவருடைய பதவி பறிக்கப்பட்டது. மன்னர் கேட்ட கட்டாயக் கடனைத் தர மறுத்ததற்காக 1627இல் மீண்டும் சிறை. 1628இன் உரிமை மனுவை நிறைவேற்றுவதில் அவர் முன்னின்றார். அவ்வாண்டு ஆகஸ்டில் பக்கிங்ஹாம் கொல்லப்பட்டார். எலியட்டின் எதிர்ப்போ தணியவில்லை. தனிமனிதப் பகையே அவரை இயக்கியது என்னும் கருத்து இங்கு வலுவிழக்கிறது.

1629 மார்ச் 2 அன்று அவையை ஒத்திவைக்குமாறு அரசாணை வந்தது. எழ முயன்ற அவைத்தலைவர் ஜான் ஃபிஞ்சை டென்சில் ஹோல்ஸும் பெஞ்சமின் வேலன்டைனும் இருக்கையில் பிடித்து அழுத்தினர்; கதவு பூட்டப்பட்டது. சமயப் புதுமைகளையும், அவையின் இசைவற்ற சுங்க வரியையும் கண்டித்து எலியட் வகுத்த தீர்மானங்களை அவரே நெருப்பிலிட்டுவிட்டதால், ஹோல்ஸ் நினைவிலிருந்து உரைக்க, உறுப்பினர் ஒலியெழுப்பி ஏற்றனர். இதன்பின் 1640 வரை நாடாளுமன்றம் கூட்டப்படவில்லை.

மூவர்மீதும் வழக்குத் தொடரப்பட்டது. அவைக்குள் பேசிய சொற்களும் அவைத்தலைவர்மீதான வன்செயலும் ஒரே குற்றச்சாட்டில் பிணைக்கப்பட்டன. அவையில் நிகழ்ந்தவற்றை அவையே விசாரிக்க வேண்டும். பிற நீதிமன்றத்துக்கு அவ்வதிகாரம் இல்லை என்பது எலியட் தரப்பின் நிலை. ஆகவே அவர்கள் குற்றச்சாட்டுக்கு விடையளிக்கவே மறுத்தனர். 1630இல் அவருக்கு 2000 பவுன் தண்டம் விதிக்கப்பட்டது. பணிந்து தவற்றை ஏற்கும்வரை சிறை. எலியட் முடியாட்சியை வெறுத்தவர் அல்லர். தவறுகளுக்கு அமைச்சர்களையே பொறுப்பாக்கினார். சிறையில் அவர் எழுதிய ‘மனிதனின் முடியாட்சி’ என்னும் நூலும் அரசை அழிக்கும் நோக்குடையதன்று. தவறு செய்ததாக ஒப்புக்கொள்வது மட்டுமே அவரால் இயலாததாயிற்று. ஒப்புக்கொண்டால் அவை உறுப்பினரின் பேச்சுரிமை பறிபோகும் என அவர் கருதினார்.

சிறையில் அவருக்குக் காசநோய் கண்டது. நண்பர் ஜான் ஹாம்டன் கடிதங்களால் ஆறுதல் அளித்து, அவர் பிள்ளைகள்பால் அக்கறை காட்டினார். நலம் தேறச் சிறிது காலம் வெளிக்காற்று வேண்டி 1632இல் எலியட் விடுத்த மனு, போதிய பணிவு இல்லையென மன்னரால் மறுக்கப்பட்டது. அவ்வாண்டு நவம்பர் 27 அன்று எலியட் இறந்தார். உடலைக் கார்ன்வாலுக்கு எடுத்துச் செல்ல மகன் வேண்டியபோதும் சார்லஸ் இசையவில்லை. கோபுர வளாகத்துத் தேவாலயத்திலேயே அடக்கம் நிகழ்ந்தது.

அன்று அவைத்தலைவரைப் பிடித்து அழுத்திய டென்சில் ஹோல்ஸ் முதுமையில் பிரபுவானார். 1630இன் தீர்ப்பைப் பிரபுக்கள் அவையில் மறுஆய்வுக்குக் கொணர்ந்தவர் அவரே. 1668இல் அத்தீர்ப்பு நீக்கப்பட்டது. எலியட் இறந்து அப்போது முப்பத்தைந்து ஆண்டுகளுக்கு மேல் கடந்திருந்தன.