நந்தனாக நின்ற கொடுமுடிப் பெண்: கே.பி. சுந்தராம்பாளின் வாழ்வு

கங்கைகொண்ட சோழபுரத்திலிருந்து கிழக்கே சிறிது தொலைவில், காட்டுமன்னார்கோவில் வட்டாரத்தில் ஆதனூர் உள்ளது. நந்தனாரின் ஊர் என்று மக்கள் சுட்டும் ஊர் அது. அந்த நந்தனை 1935ஆம் ஆண்டில் திரையில் ஏற்று நடித்தவர் ஒரு பெண். அவர் கொடுமுடி பாலாம்பாள் சுந்தராம்பாள்.

1908இல் காவிரிக்கரைக் கொடுமுடியில் பிறந்த அவர், தந்தையை இளமையிலேயே இழந்தார். வறுமை அவரை ரயிலில் பாடிப் பிழைக்க வைத்தது. அக்குரலைக் கேட்டு வியந்தவர்கள் வழியாகச் சிறுமியாகவே நாடக மேடை ஏறினார். ஒலிபெருக்கியின்றித் திரளான மக்களை எட்டிய குரல் அது.

இலங்கையில் நாடகம் நடத்தியபோது செங்கோட்டை எஸ்.ஜி. கிட்டப்பாவைச் சந்தித்தார். இருவரும் இணைந்த மேடை தமிழகத்தையே ஈர்த்தது. கிட்டப்பா பிராமணர்; முன்பே மணமானவர். இருவரும் மணம் செய்துகொண்டனர். இந்து ஆணின் இருதார மணத்தை அன்றைய சட்டம் தடுக்கவில்லை; சென்னை மாகாணத்தில் அதற்குத் தடைச் சட்டம் 1949இல்தான் வந்தது. ஆணுக்குச் சட்டம் அளித்த அந்தச் சலுகையின் சுமையை இரு பெண்கள் தாங்கினர். 1933இல், முப்பது வயதை எட்டுமுன்பே, கிட்டப்பா மறைந்தார். இருபத்தைந்து வயதில் வெள்ளாடை பூண்ட சுந்தராம்பாள், அதன்பின் எந்த ஆணுடனும் இணைந்து நடிப்பதில்லை என உறுதி பூண்டார்.

துணையற்ற நந்தன் வேடம் அவ்வுறுதிக்கு இசைந்தது. ‘பக்த நந்தனார்’ படத்திற்கு அவர் பெற்ற ஊதியம் ஒரு லட்சம் ரூபாய். அந்நாளில் ஆண் நடிகர்களுக்கும் எட்டாத தொகை. வேதியராக நடித்தவர் கர்நாடக இசைமேதை மகாராஜபுரம் விசுவநாத ஐயர். பெரியபுராணத்தில் இல்லாத அந்த வேதியப் பண்ணையாரை நந்தன் கதைக்குள் கொண்டுவந்தவர் கோபாலகிருஷ்ண பாரதி. அரங்கில் நந்தனுக்காக மக்கள் கண்ணீர் சிந்தினர். ஆனால் நந்தனின் வழியினர் அன்று கோயிலுக்குள் நுழைய முடியவில்லை. மதுரை மீனாட்சியம்மன் கோயில் நுழைவு 1939இல்தான் நிகழ்ந்தது. மாகாணம் முழுமைக்குமான ஆலய நுழைவுச் சட்டம் வர 1947 ஆயிற்று.

விடுதலைப் போராட்டக் காலத்தில் காங்கிரஸ் மேடைகளில் பாடிய அவர், பின்னர் சட்ட மேலவை உறுப்பினரானார். 1953இல் ‘ஔவையார்’, 1964இல் ‘பூம்புகார்’, 1965இல் ‘திருவிளையாடல்’ எனத் தலைமுறைகளைக் கடந்து நின்றார். ‘துணைவன்’ படப் பாடலுக்குத் தேசிய விருது கிடைத்தது. 1970இல் பத்மஸ்ரீ வந்தது. 1980இல் மறைந்தார்.

வறுமையையும் கைம்மையையும் வென்ற உழைக்கும் பெண்ணாக அவரை நாம் போற்ற வேண்டும். அதேவேளை மற்றொன்றையும் மறக்கலாகாது. நந்தன் வேடம் புனைந்தவருக்குத் திறந்த வாயில்கள், நந்தனாகவே பிறந்தவருக்கு மூடியே இருந்தன. கலை இரக்கத்தை எழுப்பும். வாயிலைத் திறப்பது போராட்டமும், அது பெற்றுத்தரும் சட்டமுமே. ஆதனூரிலிருந்து தில்லை வரையிலான அந்த வழி இன்றும் நமக்குச் சொல்வது இதுவே.