ஹீரோவுக்கு அப்பா

ஹீரோக்களைப் பற்றி எழுத நம்ம ஹாஸ்டலில் ஆளுக்குப் பஞ்சமே இல்லை. நான் எழுதப் போவது ஹீரோவுக்கு அப்பாவாக, மாமனாராக வந்து நின்றவரைப் பற்றி. அவர்தான் எஸ்.வி.ரங்காராவ்!

1918 ஜூலை 3-ல் ஆந்திராவின் நூஸ்வீட்டில் பிறந்தவர். பள்ளிப் படிப்பு சென்னையில். பட்டம் வாங்கியதும் தீயணைப்புத் துறையில் அதிகாரி உத்தியோகம். அந்தக் காலத்தில் அது சாதாரண விஷயமா? ஆனாலும் நாடகப் பைத்தியம் விடவில்லை. வேலையை உதறிவிட்டு, 1946-ல் 'வரூதினி' என்ற தெலுங்குப் படத்தில் நடித்தார். படம் ஓடவில்லை. வேறு சான்ஸும் வரவில்லை. மனுஷன் என்ன செய்தார் தெரியுமா? மூட்டையைக் கட்டிக்கொண்டு ஜாம்ஷெட்பூர் போய், டாடா கம்பெனியில் வேலைக்குச் சேர்ந்துவிட்டார்.

எனக்கு அவரை ரொம்பப் பிடித்துப் போனது இந்த இடத்தில்தான். டிப்ளமோ முடித்தால் எங்காவது அப்ரண்டிஸ், அப்புறம் பெர்மனென்ட் என்று கணக்குப் போடுகிறவர்கள் நாம். கையிலிருக்கும் வேலையை விடுவது எப்படிப்பட்டது என்று நமக்குத் தெரியும். அதை அவர் இரண்டு தடவை செய்தார். முதல் தடவை வெறும் ஆசை. இரண்டாவது தடவை, தோற்றால் எப்படி இருக்கும் என்று அனுபவித்துத் தெரிந்துகொண்ட பிறகு!

திரும்பி வந்து சின்னச் சின்ன வேஷங்கள். 1951-ல் 'பாதாள பைரவி' மந்திரவாதி. என்.டி.ராமராவ்தான் கதாநாயகன், ஆனால் படம் பார்த்தவர்கள் மனசில் தங்கியது அந்தத் தாடியும் சிரிப்பும். 1957-ல் 'மாயா பஜார்' கடோத்கஜன். கல்யாண விருந்தை ஒரே ஆளாகக் காலி செய்யும் அந்தக் காட்சியை இன்றைக்கும் சின்னப் பசங்க வாயைப் பிளந்து பார்க்கிறார்கள்.

நடுவில் 1955-ல் வந்தது 'மிஸ்ஸியம்மா'. அதில் சாவித்திரிக்கு அப்பா. அப்போது அவருக்கு 37 வயதுகூட நிரம்பவில்லை! மாப்பிள்ளையாக வரும் ஜெமினி கணேசன் அவரைவிட ஓரிரு வயதுதான் சின்னவர். அதற்கப்புறம் 'கற்பகம்' உட்பட எத்தனையோ படங்களில் பெரியவர் வேஷம்தான். 1963-ல் வந்த தெலுங்கு 'நர்த்தனசாலா'வில் கீசகனாக நடித்ததற்கு, அடுத்த வருடம் ஜகார்த்தாவில் நடந்த ஆசிய-ஆப்பிரிக்கப் படவிழாவில் சிறந்த நடிகர் பரிசு. வில்லன் வேஷத்துக்குப் போய் அந்தப் பரிசு என்பதைக் கவனியுங்க.

என்னைக் கேட்டால் 'படிக்காத மேதை' (1960) போதும். வளர்த்த பிள்ளை சிவாஜி வீட்டை விட்டுப் போன பிறகு, சீர்காழி கோவிந்தராஜன் குரலில் பாரதியார் பாட்டு ஒலிக்கும். ரங்காராவ் கத்தவும் மாட்டார், மாரில் அடித்துக்கொள்ளவும் மாட்டார். அந்தக் கனத்த உடம்பு மெல்ல மெல்லத் தளர்வது மட்டும் நமக்குத் தெரியும். சிவாஜி இல்லாத காட்சியிலும் சிவாஜிக்காக நம்மை அழ வைத்துவிடுவார்.

1974 ஜூலை 18-ல் சென்னையில் மாரடைப்பில் காலமானார். வயது 56. அவரது படங்களைப் பார்த்து வளர்ந்த எங்க தாத்தா, அவருக்கு எண்பதாவது இருக்கும் என்றே நினைத்துக்கொண்டிருந்தாராம்.