வால் லூட்டன்

வால் லூட்டன் (மே 7, 1904 - மார்ச் 14, 1951) ஓர் அமெரிக்கத் திரைப்படத் தயாரிப்பாளரும் எழுத்தாளரும் ஆவார். 1942 முதல் 1946 வரை ஆர்.கே.ஓ. நிறுவனத்துக்காக இவர் குறைந்த செலவில் தயாரித்த ஒன்பது திகில் திரைப்படங்களால் பெரிதும் அறியப்படுகிறார். அச்சம் தரும் உருவத்தை நேரில் காட்டாமல், இருளையும் ஒலியையும் கொண்டு பார்வையாளரின் மனத்திலேயே அதனைத் தோன்றச் செய்தது இவரது படங்களின் சிறப்பாகும்.

இளமைக்காலம்

இவர் ரஷ்யப் பேரரசில் இருந்த யால்ட்டா நகரில் ஒரு யூதக் குடும்பத்தில் பிறந்தார். இயற்பெயர் விளாதிமிர் லெவன்டன். 1909 இல் தாயுடனும் சகோதரியுடனும் ஐக்கிய அமெரிக்காவில் குடியேறினார். புகழ்பெற்ற நடிகை அல்லா நசிமோவா இவரது தாயின் உடன்பிறந்தவர். கொலம்பியா பல்கலைக்கழகத்தில் இதழியல் பயின்ற லூட்டன், பல புனைபெயர்களில் புதினங்கள் எழுதினார். 1930களில் தயாரிப்பாளர் டேவிட் செல்ஸ்னிக்கிடம் கதைத் தேர்வு ஆசிரியராகப் பணிபுரிந்தார். எ டேல் ஆஃப் டூ சிட்டீஸ் (1935) படத்தில் பாஸ்டில் சிறை தாக்கப்படும் காட்சிகளைப் படமாக்கியபோது இயக்குனர் ஜாக் டூர்னரின் நட்பைப் பெற்றார்.

ஆர்.கே.ஓ. நிறுவனத்தில்

ஆர்சன் வெல்சின் படங்களால் இழப்பைச் சந்தித்திருந்த ஆர்.கே.ஓ., 1942 இல் குறைந்த செலவில் திகில் படங்கள் எடுக்கும் பொறுப்பை லூட்டனிடம் அளித்தது. மூன்று நிபந்தனைகள் விதிக்கப்பட்டன. ஒரு படத்தின் செலவு 1,50,000 டாலரைத் தாண்டக் கூடாது. நீளம் 75 நிமிடத்துக்குள் இருக்க வேண்டும். படத்தின் பெயரை நிறுவனமே முடிவு செய்யும். பெயர் முதலில் வரும், அதற்கேற்பக் கதையை லூட்டன் உருவாக்க வேண்டும்.

டூர்னர் இயக்கிய கேட் பீப்பிள் (1942) இவ்வாறு உருவான முதற் படமாகும். வெல்சின் படத்துக்காக முன்பு அமைக்கப்பட்ட மாடிப்படி அரங்கு இதில் மீண்டும் பயன்படுத்தப்பட்டது. இரவில் தனியே நடக்கும் ஒரு பெண்ணைக் காலடி ஓசை பின்தொடர்கிறது. ஓசை நின்றுபோன நொடியில், சீறும் ஒலியுடன் ஒரு பேருந்து குறுக்கே வந்து நிற்கிறது. மார்க் ராப்சன் படத்தொகுப்புச் செய்த இக்காட்சியின் உத்தி, பின்னாளில் லூட்டன் பேருந்து என்றே பெயர் பெற்றது. படம் பெரும் இலாபம் ஈட்டியது.

ஐ வாக்டு வித் எ ஸாம்பி (1943) என்ற பெயர் தரப்பட்டபோது, ஜேன் அயர் புதினத்தின் கதையமைப்பை மேற்கிந்தியத் தீவுகளுக்கு மாற்றி அமைத்தார். தி லெப்பர்ட் மேன் (1943) படத்தில் ஒரு சிறுமியின் மரணம், மூடிய கதவின் அடியில் கசியும் குருதியால் மட்டுமே உணர்த்தப்படுகிறது. தி கோஸ்ட் ஷிப் (1943) படமோ கதைத்திருட்டு வழக்கில் நிறுவனம் தோற்றதால் பல பத்தாண்டுகள் திரையிடப்படாமல் முடங்கியது.

திரைக்கதைகளின் இறுதி வடிவத்தைப் பெரும்பாலும் லூட்டனே எழுதினார். ஆயினும் தமது பெயரை எழுத்தாளராக இட்டுக்கொள்ளவில்லை. போரிஸ் கார்லாஃப் நடித்த தி பாடி ஸ்னாட்சர் (1945), பெட்லம் (1946) ஆகிய இரண்டில் மட்டும் கார்லோஸ் கீத் என்ற புனைபெயர் இடம்பெற்றது.

பிற்காலம்

லூட்டனுக்கு ஆதரவளித்த நிறுவனத் தலைவர் சார்லஸ் கேர்னர் 1946 இல் இறந்தார். அதன்பின் ஆர்.கே.ஓ.விலிருந்து விலகிய லூட்டன் பாரமவுண்ட், எம்.ஜி.எம்., யுனிவர்சல் ஆகிய பெரிய நிறுவனங்களில் தலா ஒரு படமே தயாரித்தார். அவற்றில் முன்பிருந்த சுதந்திரம் இவருக்குக் கிடைக்கவில்லை, உடல்நலமும் குன்றியது. இறுதிப் படமான அபாச்சி டிரம்ஸ் (1951), தேவாலயத்துள் அடைபட்ட மக்கள் வெளியிலிருந்து வரும் முரசொலியைக் கேட்டு அஞ்சும் காட்சிகளில் இவரது பழைய பாணியை நினைவூட்டுகிறது. அப்படம் வெளிவருமுன்பே மாரடைப்பால் தமது 46 ஆவது வயதில் லாஸ் ஏஞ்சல்சில் காலமானார்.

தாக்கம்

படத்தொகுப்பாளர்களாக இருந்த மார்க் ராப்சன், ராபர்ட் வைஸ் ஆகியோருக்கு இயக்குனராகும் முதல் வாய்ப்பை லூட்டனே வழங்கினார். வைஸ் பின்னர் வெஸ்ட் சைட் ஸ்டோரி (1961), தி சவுண்ட் ஆஃப் மியூசிக் (1965) ஆகிய படங்களுக்காக ஆஸ்கார் விருதுகளை வென்றார். கேட் பீப்பிள் 1993 இல் அமெரிக்கத் தேசியத் திரைப்படப் பதிவேட்டில் சேர்க்கப்பட்டது. லூட்டனைப் பற்றி மார்ட்டின் ஸ்கோர்செசி தயாரித்த ஆவணப்படம் 2007 இல் வெளியானது.