முத்துஸ்வாமி தீக்ஷிதரும் மேனாட்டு இசையும்

நெய்வேலியின் பூமிக்கு அடியில் பழுப்பு நிலக்கரி எண்ணிறந்த காலமாகக் கேட்பாரற்றுக் கிடந்தது. 1930-களில் ஜம்புலிங்க முதலியார் என்னும் நிலக்கிழார் தமது நிலத்தில் கிணறு இறக்கியபோது நீரோடு கரிய பொருளொன்று மேலே வந்தது. அஃது இன்னதென்று அறிய அவர் முற்பட்டார். 1956-இல் அரசாங்கக் கம்பெனி ஏற்பட்டது. 1957-இல் பண்டித நேரு சுரங்க வேலையைத் தொடங்கி வைத்தார். 1961-இல் கரி கண்ணுக்குப் புலனாயிற்று. அதை அகழ்ந்தெடுத்த ராக்ஷஸச் சக்கர யந்திரங்கள் ஜெர்மனியிலிருந்து வந்தவை. மின்சார நிலையம் ஸோவியத் நாட்டின் உதவியால் எழுந்தது. இதனால் நெய்வேலி அந்நியருடைய சொத்தாகிவிட்டது என்று எவரும் சொல்லத் துணியார். மண் நமது, கரி நமது, வியர்வையும் நமது. கருவி பிறருடையது, அதனையும் நம்மவர் பழகித் தம் வசமாக்கிக் கொண்டனர்.

யந்திர விஷயத்தில் எளிதில் ஒப்புக்கொள்ளும் இவ்வுண்மையைக் கலை விஷயத்தில் ஒப்புக்கொள்ள நம்மில் பலருக்கு மனம் வருவதில்லை. 2025 மார்ச் 8-ந் தேதி லண்டன் மாநகரில் ஸ்ரீ இளையராஜா தாம் இயற்றிய சிம்பொனியை அரங்கேற்றினார். தமிழ்நாடு மகிழ்ந்தது. மகிழ்ச்சி நியாயமே. ஆயினும் இத்தகைய வேளைகளில் இரண்டு கக்ஷியார் வாதாடுவது வழக்கம். மேனாட்டார் கைதட்டிய பிறகே நமது ஸங்கீதம் உயர்ந்தது என்று நினைப்பவர் ஒரு சாரார். அந்நிய இசையைத் தீண்டினாலே நமது மரபு அழிந்துவிடும் என்று அஞ்சுபவர் மற்றொரு சாரார். இவ்விரு கக்ஷிக்கும் தீர்ப்பு இருநூறு ஆண்டுகளுக்கு முன்பே எழுதப்பட்டுவிட்டது. எழுதியவர் திருவாரூரிற் பிறந்த முத்துஸ்வாமி தீக்ஷிதர்.

அவர் பிறந்தது 1775-இல். ஜெர்மனியின் பான் நகரிலே பீத்தோவன் பிறந்து அப்போது ஐந்து ஆண்டுகளே ஆகியிருந்தன. ஒருவரையொருவர் அறியாத இவ்விரு மேதைகளும் ஒரே தலைமுறையினர் என்பதை நேயர்கள் மனத்தில் இருத்திக்கொள்ள வேண்டும். தீக்ஷிதரின் தந்தையார் ராமஸ்வாமி தீக்ஷிதர், ஹம்ஸத்வனி ராகத்தைத் தந்தவர் என்று புகழ்பெற்ற வித்வான். 108 ராக தாளங்களைக் கோத்து ஒரே மாலிகையாக்கிய பேராற்றல் படைத்தவர். நெடுநாள் புத்திரப் பேறில்லாத அவர் வைத்தீசுவரன் கோயிலில் விரதமிருந்து வேண்டிப் பெற்ற பிள்ளையாதலின், அத்தலத்து முத்துக்குமாரஸ்வாமியின் பெயரையே மகனுக்கு இட்டார் என்பர். பின்னர்ச் சின்னஸ்வாமி, பாலுஸ்வாமி என்னும் இரு தம்பியரும் ஒரு தங்கையும் பிறந்தனர்.

சென்னையை அடுத்த மணலியில் முத்துகிருஷ்ண முதலியார் என்னும் பிரபு ராமஸ்வாமி தீக்ஷிதரின் வித்தையை அறிந்து அக்குடும்பத்தைத் தம்மிடம் வரவழைத்துக்கொண்டார். அவருக்குப்பின் அவர் மைந்தர் சின்னைய முதலியாரும் அவ்வாறே ஆதரித்தார். கிழக்கிந்தியக் கம்பெனியாரோடு பழக்கமுடைய அவர், தீக்ஷிதர் சகோதரர்களைச் செயிண்ட் ஜார்ஜ் கோட்டைக்கு அழைத்துச் சென்று வெள்ளையருடைய பாண்டு வாத்தியத்தைக் கேட்கச் செய்தார். பாலுஸ்வாமி அங்கே வயலினைக் கண்டார். ஓர் ஐரோப்பியரிடம் முறையாகப் பயின்றார். பயின்றதும் மேனாட்டுப் பாட்டை வாசித்துக்கொண்டு நின்றுவிடாமல், நமது ராகங்களை அதன் தந்திகளிலே பேச வைத்தார். அன்று அந்நியப் பொருளாயிருந்த அவ்வாத்தியம் இன்றித் தென்னாட்டில் இன்று ஒரு கச்சேரி நடப்பதரிது. இது நமது என்று நாம் மார்தட்டும் அரங்கின் நடுவிலே அவ்வயலின் வீற்றிருக்கிறது. அதைக் கண்டு எவரும் நாணுவதில்லை.

மூத்தவர் செய்தது இதனினும் நுட்பமானது. கோட்டையில் கேட்ட மெட்டுக்களையும் அவற்றைப் போன்றவற்றையும் எடுத்துக்கொண்டு, அவற்றுக்கு வடமொழியில் ஸாஹித்யம் செய்தார். நோட்டுஸ்வர ஸாஹித்யங்கள் என்று வழங்கும் அவை ஏறக்குறைய நாற்பது. சங்கராபரணத்தின் ஸ்வரங்களில், கமகமின்றி நேராக நடப்பவை, குழந்தைகளும் பாடத்தக்கவை. அவற்றுள் ஒன்றன் மெட்டு, ஆங்கில அரசரைக் கடவுள் காக்க வேண்டும் என்று வாழ்த்தும் ராஜ கீதத்தின் மெட்டேயாகும். எந்தக் கீதம் ஒலித்தால் நமது பாட்டன்மார் எழுந்து நிற்கவேண்டியிருந்ததோ, அந்தக் கீதத்திலிருந்து அரசனை இறக்கிவிட்டு, ஸங்கீத சியாமளையாகிய தேவியை அங்கே அமர்த்திவிட்டார் தீக்ஷிதர்! அவர் அரசியல் நோக்கத்தோடு இதனைச் செய்தார் என்று நாம் சாதிக்க வரவில்லை. அது சரித்திரத்துக்குப் பொருந்தாது. நல்ல மெட்டு எங்கிருந்து வந்தாலும் அதனை ஏற்கலாம், ஆனால் அதிலே வைத்துத் துதிக்கும் பொருளை நாமே நிச்சயிக்க வேண்டும் என்னும் மனவுறுதி அவரிடம் இருந்தது. அதற்குமேல் சுதந்திர புத்தி வேறென்ன?

மணலியிலிருந்து சிதம்பரநாத யோகி என்னும் பெரியார் அவரைக் காசிக்கு அழைத்துச் சென்றார். அங்கே சில ஆண்டுகள் வேதாந்தமும் ஸ்ரீவித்தையும் பயின்றார்; வடநாட்டு ஸங்கீதத்தையும் செவியாரக் கேட்டார். அவருடைய கீர்த்தனைகளில் காணும் நிதானமான நடையும், துவிஜாவந்தி, ஹமீர் கல்யாணி முதலிய ராகங்களில் அவர் காட்டும் உரிமையும் அந்த வாஸத்தின் பயன் என்று அறிஞர் கூறுவர். தென்னாடு திரும்பியபின் திருத்தணிகையில் முருகன் முதியவர் உருவில் வந்து வாயிலே கற்கண்டு இட்டதாகவும், அன்று முதல் பாட்டுப் பெருகியதாகவும் பரம்பரைச் செய்தி. அக்குமரனைக் குருவாகக் கொண்டமையால் குருகுஹ என்னும் முத்திரை அவர் பாடல்களில் விளங்குகிறது. பின்னர்க் காஞ்சியில் தங்கியிருந்து, பிறகு பிறந்த ஊராகிய திருவாரூரையே வாஸஸ்தலமாகக் கொண்டார்.

தீக்ஷிதரின் மேதை முழுதும் வெளிப்பட்டது திருவாரூரிலேதான். ஐரோப்பியருடைய சிம்பொனி என்பது யாது? பல வாத்தியங்கள் கூடி, பெரும்பாலும் நான்கு பாகங்களாக, ஒரே கருத்தை வளர்த்துச் செல்லும் பெரிய கட்டடம். அதன் ஒரு பாகத்தை எடுத்துவிட்டால் முழுமை குலைந்துவிடும். இங்கே நாதம் தனிக் குரலின் வழியே செல்வது. பல ஸ்வரங்களை ஒருங்கே ஒலிக்கும் முறை நமக்கில்லை. ஆகவே இரண்டும் ஒன்றென்று சொல்வது தவறு. ஆனால், பல உறுப்புக்களால் ஒரே பெரிய உருவை எழுப்பும் எண்ணம் நமக்கில்லை என்பார், கமலாம்பா நவாவரணத்தைக் கேட்டிரார். ஸ்ரீசக்கரத்தின் ஒன்பது ஆவரணங்களுக்கு ஒன்பது கீர்த்தனைகள். முன்னே தியானமும் பின்னே மங்களமும் சேரப் பதினொன்று. தோடியில் தொடங்கி, ஆனந்தபைரவி, கல்யாணி, சங்கராபரணம், காம்போதி என்று ராகங்கள் ஒன்றன்பின் ஒன்றாக எழுந்து, ஆகிரியை அடைந்து, ஸ்ரீ ராகத்தில் மங்களமாக முடிகின்றன. முதல் எட்டு ஆவரணங்களும் வடமொழியின் எட்டு வேற்றுமைகளில் முறையே அமைந்தவை. ஒன்பதாவதில் எல்லா வேற்றுமைகளும் ஒருங்கே வந்து நிற்கின்றன. வெளிச்சுற்றிலிருந்து நடுப்புள்ளி வரை பக்தன் நடந்து செல்லும் பாதையே இசையாகிவிட்டது.

பஞ்சபூதத் தலங்கள் ஐந்துக்கும் அவர் தனித்தனியே கீர்த்தனைகள் செய்தார். அவற்றுள் ஆகாயத் தலமாகிய சிதம்பரத்துக்குரியது கேதார ராகத்திலுள்ளது. நெய்வேலிக்கு அண்மையிலுள்ள அத்தில்லையில் அதனைக் கேட்போர், ஸ்வரங்கள் நடனமாடக் காண்பர். திருவாரூர்க் கோயில் விநாயகர்மேல் அவர் செய்த வாதாபி கணபதி கீர்த்தனம், தந்தை தந்த ஹம்ஸத்வனி ராகத்தில் மகன் எழுப்பிய நினைவுச் சின்னம்.

அவர் வடமொழியிற் பாடினாரே, தமிழருக்கு அவர் என்ன உறவு என்று கேட்போர் உண்டு. கேள்வி நியாயமானது, அதனை மழுப்பக் கூடாது. வேங்கடாசலபதியின்மேல் தமிழும் தெலுங்கும் கலந்து அவர் செய்த மணிப்பிரவாளம் அரிய விதிவிலக்கேயன்றி வேறன்று. முத்துத் தாண்டவரும் அருணாசலக் கவிராயரும் கோபாலகிருஷ்ண பாரதியாரும் தமிழில் தந்த செல்வத்துக்கு அவர் பாடல்கள் பதிலாகா. ஆயினும் அக்கீர்த்தனைகளைத் திறந்து பாருங்கள்: தமிழ்நாட்டுத் தலங்கள், அவற்றின் தீர்த்தங்கள், புராணங்கள், திருவிழாக்கள். மொழி எதுவாயினும் அவர் பாடிய பூமி இந்தப் பூமியே.

அவரிடம் கற்றோர் யாவர் என்பதையும் நோக்க வேண்டும். தஞ்சை நால்வர் என்று புகழ்பெற்ற சின்னையா, பொன்னையா, சிவானந்தம், வடிவேலு என்னும் இசை வேளாளச் சகோதரர்கள் அவர் சீடர்கள். திருவாரூர்க் கோயிலின் சுத்த மத்தளம் தம்பியப்பன் அவர் சீடர். அவருடைய வயிற்றுநோய் தீரவே வியாழபகவான்மேல் கீர்த்தனம் பிறந்ததென்றும், மற்ற நாட்களின் கிரகங்கள்மேலும் அவ்வாறே தொடர்ந்ததென்றும் கூறுவர். திருவாரூர்த் தேவதாசியாகிய கமலமும் அவரிடம் பயின்றவர். ஜாதியின் வேலி உயர்ந்து நின்ற காலத்தில் வித்தைக்கு அவர் வேலியிடவில்லை. அவர் பாட்டுக்கள் பிழைத்ததும் இதனாலேதான். அவற்றைத் தம் வீட்டுப் பெட்டியில் பூட்டியிருந்தாராயின், இன்று நமக்குப் பெயர்கூட மிஞ்சியிராது.

வறுமை அவரை விட்டு நீங்கவில்லை. வீட்டில் அரிசியில்லாத ஒருநாள் கமலம் தம் நகையை அடகு வைக்க முன்வந்ததாகவும், தஞ்சை அரசரைப் பாடினால் பொருள் கிடைக்கும் என்று பிறர் நினைவூட்டியதாகவும், மனிதரைத் துதிக்க மறுத்து அவர் லக்ஷ்மியின்மேல் லலித ராகத்தில் பாடியதாகவும் வரலாறு வழங்குகிறது. 1804-இல் வியன்னா நகரில் பீத்தோவன், நெப்போலியனுக்கு உரியதாக்க எண்ணியிருந்த மூன்றாவது சிம்பொனியிலிருந்து, அவன் சக்கரவர்த்திப் பட்டம் ஏற்றான் என்று கேட்டவுடன் அப்பெயரை அழித்தார் என்பது உலகறிந்த செய்தி. ஒருவர் தெய்வ பக்தியால் மறுத்தார். மற்றவர் சுதந்திர வேட்கையால் மறுத்தார். இருவர் பாட்டும் முடிகளைக் கடந்து நிற்கின்றன. செவிப்புலன் அறவே இழந்த பீத்தோவன் 1824-இல் அரங்கேற்றிய ஒன்பதாவது சிம்பொனியின் ஆனந்த கீதத்தை 1972-இல் ஐரோப்பியக் கவுன்சில் தனது கீதமாகக் கொண்டது. அரசனுக்காகச் செய்தது அரசனோடு போகும். உள்ளே கண்ட ஒன்றுக்காகச் செய்ததே ஜனங்களின் சொத்தாகும்.

இறுதி நாட்களில் தீக்ஷிதர், தம்பி பாலுஸ்வாமி ஆஸ்தான வித்வானாக இருந்த எட்டயபுரத்துக்குச் சென்றார். வழியில் வறண்ட பூமியைக் கண்டு அமிர்தவர்ஷிணி பாடி மழை பொழிவித்தார் என்பர். 1835-ஆம் ஆண்டு தீபாவளியன்று, சீடர்கள் மீனாக்ஷியின்மேல் அவர் செய்த கீர்த்தனத்தைப் பாடிக்கொண்டிருக்க, அவர் உயிர் பிரிந்தது. அவருடைய சமாதி அவ்வூரிலேயே இருக்கிறது. கட்டபொம்மன் சரித்திரத்தில் எட்டயபுரம் கம்பெனியார் பக்கம் நின்றது. தேசாபிமானிகள் உவந்து நினைக்கும் செய்தியன்று அது. ஆயினும் அவ்வூரே தீக்ஷிதருக்கு நிழல் தந்தது. 1882-இல் பாரதியையும் பெற்றுத் தந்தது. சரித்திரம் நாம் விரும்பும் கோட்டிலேயே நடப்பதில்லை.

பாலுஸ்வாமியின் பேரரும் ஸ்வீகார புத்திரருமான சுப்பராம தீக்ஷிதர், பெரியப்பாவின் கீர்த்தனைகளை ஸ்வரப்படுத்தி வைத்திருந்தார். சின்னஸ்வாமி முதலியார் என்னும் கிறிஸ்தவத் தமிழர், நமது பாட்டுக்களை ஐரோப்பிய ஸ்வரக் குறிகளில் எழுதிக் காக்க முயன்றவர். அவர் தூண்டுதலும் எட்டயபுரம் அரசரின் பொருளுதவியும் சேர, 1904-இல் ஸங்கீத ஸம்பிரதாய பிரதர்சினி என்னும் பெருநூல் தெலுங்கு லிபியில் வெளிவந்தது. தீக்ஷிதரின் கீர்த்தனைகள் 200-க்கு மேற்பட்டவை அதில் உள்ளன. இரண்டு ஆண்டுகளில் சுப்பராம தீக்ஷிதர் மறைந்தபோது பாரதியார் இரங்கற்பா பாடினார். ஒரு பிராமணர், ஒரு கிறிஸ்தவர், ஒரு ஜமீன், தெலுங்கு எழுத்து, தமிழ் மண், வடமொழிப் பாட்டு: இத்தனையும் கூடியன்றோ அச்செல்வம் பிழைத்தது? தேசம் என்பதும் இத்தகைய கூட்டுறவேயன்றி வேறென்ன?

ஆதலின் இரு கக்ஷியாருக்கும் நாம் சொல்வது இதுவே. மேனாட்டார் மெச்சினால்தான் உயர்வு என்பவர், பீத்தோவன் சிம்பொனிகளைச் செய்துவந்த அதே தலைமுறையில் இங்கே எழுந்த நவாவரணத்தை ஒருமுறை முழுதும் கேட்கட்டும். பிறர் இசை தீட்டு என்பவர், தாம் உச்சியில் வைத்துப் போற்றும் தீக்ஷிதர் கோட்டை பாண்டின் மெட்டில் பாடியதை நினைக்கட்டும். வேர் ஆழமாக உள்ள மரம் காற்றுக்கு அஞ்சுவதில்லை. எத்திசைக் காற்றிலும் அது தளிர்க்கும். நாம் கவலைப்பட வேண்டுவது காற்றைப்பற்றியன்று, வேரைப்பற்றியே. நம் பிள்ளைகளுள் எத்தனை பேர் ஒரு கீர்த்தனத்தையேனும், ஒரு தேவாரத்தையேனும் பாட அறிவர்? நெய்வேலி மண்ணுக்கடியில் கிடந்த கரியை எடுக்க யந்திரம் தருவிக்கலாம். உள்ளத்துக்கடியில் கிடக்கும் செல்வத்தை எடுக்க எந்த நாட்டு யந்திரமும் உதவாது. அதனை நாமே அகழ்ந்தாக வேண்டும்.