கலைமணி என்கிற கொத்தமங்கலம் சுப்பு

மலர்க் குழுவிலிருந்து போன் செய்து, ஏதாவது எழுதிக் கொடுப்பா என்றார்கள். மெக்கானிக்கல் படித்தவன், பேரிங், கியர் பற்றி எழுதுவான் என்று எதிர்பார்த்திருப்பார்கள். மன்னிக்கவும். நான் ஒரு சினிமாக்காரரைப் பற்றி எழுதப் போகிறேன். காரணம் கடைசியில் சொல்கிறேன்.

முதலில் காலேஜ் நாட்களுக்கு வாருங்கள். நான் ராஜபாளையத்திலிருந்து பஸ்ஸில் வந்து போனவன். ஒரு செமஸ்டர் பரீட்சைக்கு முந்தின நாள், ஸ்ரீவில்லிபுத்தூர் பஸ்ஸை விட்டுவிட்டு ஹாஸ்டலிலேயே தங்கினேன். படிக்கத்தான் தங்கினேன், ஆனால் டிவி ரூமில் தில்லானா மோகனாம்பாள் ஓடிக்கொண்டிருந்தது. மறுநாள் தெர்மோடைனமிக்ஸ். ஒருத்தரும் எழுந்திரிக்கவில்லை. சிவாஜி, பத்மினி, நாகேஷ், மனோரமா என்று விடிய விடியப் பேசினோம். கதை யாருடையது என்று ஒருவன்கூடக் கேட்கவில்லை, நான் உட்பட.

அந்தக் கேள்வியை என் அக்கா மகள்தான் சில வருஷம் முன்பு கேட்டாள். பன்னிரண்டாம் வகுப்பு சி.பி.எஸ்.இ. ஆங்கிலப் புத்தகத்தில் அவளுக்கு ஒரு பாடம். அசோகமித்திரன் ஜெமினி ஸ்டூடியோவில் வேலை பார்த்த நாட்களை நினைத்து எழுதியது. அதில் சுப்பு என்று ஒருவர் வருகிறார், அவர் யார் மாமா என்று கேட்டாள். எனக்குத் தெரியவில்லை. தேடிப் படித்தபோதுதான், ஹாஸ்டலில் எங்களைத் தூங்க விடாமல் செய்த மனுஷர் அவர்தான் என்று புரிந்தது.

சுப்புவின் இயற்பெயர் சுப்பிரமணியன். பிறந்தது 1910-ல், பட்டுக்கோட்டைப் பக்கம். பிழைப்புக்காகச் செட்டிநாட்டுக் கொத்தமங்கலத்துக்கு வந்து மரக்கடையில் கணக்கு எழுதினார். அந்த ஊர்ப் பெயர்தான் கடைசி வரை ஒட்டிக்கொண்டது. பாட்டும் நடிப்பும் அவரைச் சென்னைக்கு இழுத்துப் போயின. 1940-ல் எஸ்.எஸ்.வாசன் ஜெமினி ஸ்டூடியோவைத் தொடங்கினார். கொஞ்ச காலத்தில் சுப்பு வாசனுக்கு வலது கை ஆகிவிட்டார்.

அவர் செய்யாத வேலை கிடையாது. 1944-ல் வந்த தாசி அபரஞ்சிக்கு எழுதினார். 1945-ல் கண்ணம்மா என் காதலி படத்தை இயக்கினார். யுத்த காலத்து பர்மாவைப் பின்னணியாகக் கொண்ட கதை. 1947-ல் ஆர்.கே.நாராயணின் கதையை வைத்து மிஸ் மாலினி எடுத்து, அதில் சம்பத் வேஷமும் தானே கட்டினார். பின்னால் ஜெமினி கணேசன் என்று பேரெடுத்தவர் சின்ன வேஷத்தில் முதலில் தலைகாட்டியது அந்தப் படத்தில்தான். ஆனால் படம் ஓடவில்லை. இன்று பார்க்கலாம் என்றால் பிரதியும் இல்லை. 1953-ல் கே.பி.சுந்தராம்பாளை வைத்து ஔவையார். அது ஓடு ஓடு என்று ஓடியது.

அவருடைய மனைவி எம்.எஸ்.சுந்தரிபாய். கண்ணம்மா என் காதலியின் கதாநாயகி அவர்தான். 1948-ல் வந்த சந்திரலேகாவில் சர்க்கஸ்காரப் பெண்ணாக வந்து ஊரையே கவர்ந்தார். அந்தப் படத்துக்குப் பாட்டு எழுதியவர்களில் சுப்புவும் ஒருவர். யோசித்துப் பாருங்கள், ஒரே வீட்டில் ஒருவர் முகம் ஊர் ஊராகப் போஸ்டரில்; மற்றவர் எழுத்து பெரும்பாலும் ஜெமினி கதை இலாகா என்ற பொதுப் பெயருக்குள். அங்கே பலர் உட்கார்ந்து பேசிக் கதை பண்ணுவார்கள். எந்தக் காட்சி யாருடைய மூளையில் உதித்தது என்று படம் பார்க்கிறவனுக்குத் தெரியவே தெரியாது.

அசோகமித்திரன் சொல்வதைப் பார்த்தால் சுப்புவின் மூளை வற்றாத ஊற்று. ஒரு காட்சி எப்படி எடுப்பது என்று தயாரிப்பாளர் விழித்தால் சுப்பு நாலு வழி சொல்வாராம். அது போதாது என்றால் அடுத்த நிமிஷமே இன்னும் பதினாலு வழி! கவிஞர், நாவலாசிரியர், நல்ல நடிகர், வீடு நிறையச் சொந்தபந்தங்களை வைத்துச் சோறு போட்டவர். இருந்தும் ஸ்டூடியோவில் அவருக்கு எதிரிகள் இருந்தார்கள். எப்போதும் முதலாளி பக்கத்திலேயே நிற்கிறவர் என்பதுதான் அவர்மேல் குறை.

இங்கேதான் எனக்கு ஒரு விஷயம் உறைத்தது. 1960-ல் ஜெமினி எடுத்த இரும்புத்திரை, மில் தொழிலாளர் கதை. அண்ணன் தங்கவேலு முதலாளியை நம்புகிறவர். தம்பி சிவாஜி தொழிலாளர் உரிமை பேசுகிறவர். வசனம் யார் என்று பார்த்தால், சுப்பு. முதலாளி விசுவாசி என்று பேர் வாங்கியவர், உரிமை கேட்கிற தம்பிக்கும் வாய் கொடுத்திருக்கிறார்.

ராஜபாளையத்துக்காரனுக்கு இது வெறும் படக்கதை இல்லை. 1936-லிருந்து மில் சங்கை வைத்து நேரம் பார்க்கிற ஊர் எங்கள் ஊர். எங்கள் தாத்தா மில்லில் மேஸ்திரி, அவர் தம்பி சங்கத்து ஆள். இரண்டு பேரும் பல வருஷம் பேசிக்கொள்ளவில்லை. இரும்புத்திரையை மட்டும் இரண்டு பேரும் தனித்தனியாகப் போய்ப் பார்த்தார்களாம். ஆளுக்கொரு தடவை, நம்ம கதையைத்தான் எடுத்திருக்கான் என்று பாட்டியிடம் சொன்னார்களாம்.

தில்லானா மோகனாம்பாளைச் சுப்பு 1950-களின் பிற்பகுதியில் ஆனந்த விகடனில் தொடராக எழுதினார். அங்கேயும் சொந்தப் பெயர் இல்லை. கலைமணி என்ற புனைபெயர். கோபுலு படம் போட்டார். நாதஸ்வரக்காரருக்கும் நாட்டியக்காரிக்கும் வருகிற போட்டியும் காதலும் வாராவாரம் வீட்டுக்கு வீடு பேச்சானது. 1968-ல் ஏ.பி.நாகராஜன் அதைப் படமாக்கினார். சுப்புவின் இன்னொரு நாவல் ராவ்பகதூர் சிங்காரம், 1970-ல் விளையாட்டுப் பிள்ளை ஆனது. இதற்கிடையே 1969-ல் வாசன் காலமானார். 1971-ல் சுப்புவுக்குப் பத்மஸ்ரீ கொடுத்தார்கள். 1974-ல் அவரும் மறைந்தார்.

இப்போது காரணத்துக்கு வருகிறேன். படித்து முடித்து நான் சேர்ந்த ஒரு கம்பெனியில், எட்டு மாசம் உழைத்து ஒரு பிக்ஸ்சர் டிசைன் பண்ணினேன். டிராயிங்கில் மேலதிகாரி பெயர் வந்தது. நான் வேலையை விட்டேன். வேறு இடத்துக்குப் போயும் ரொம்ப நாள் யாரையும் நம்பாமல், தெரிந்ததைச் சொல்லாமல் மறைத்து வைத்துக்கொண்டு வேலை செய்தேன். அதில் என் வேலைதான் கெட்டுப் போனது. டிசைன் என்பது நாலு பேர் பார்த்துத் திருத்தித் திருத்தி வருவது. மறைத்து வைத்தால் அப்படியே நின்றுவிடும்.

சுப்புவைப் படித்த பிறகு நான் திருந்திவிட்டேன் என்று சொல்ல மாட்டேன். உழைத்தவன் பெயர் டிராயிங்கில் வரத்தான் வேண்டும். இன்று என் டீமில் யார் செய்தாலும் அவர்கள் பெயரை நானே எழுதுகிறேன். ஆனால் பெயர் வராதோ என்ற பயத்தில் நாலாவது யோசனையோடு நிறுத்திக்கொள்வதை விட்டுவிட்டேன். அந்த மனுஷர் பதினாலையும் சொன்னார். இலாகாவுக்கு எழுதினார், முதலாளிக்கு எழுதினார், புனைபெயரில் எழுதினார். எதிலும் குறை வைக்கவில்லை.

படிக்கிற தம்பி தங்கைகளுக்கு ஒன்று. ஹாஸ்டலில் அடுத்த தடவை தில்லானா மோகனாம்பாள் போட்டால் தாராளமாகப் பாருங்கள், மறுநாள் பரீட்சை இல்லை என்றால். பார்த்து முடித்ததும் கதை யாருடையது என்று பக்கத்தில் இருக்கிறவனைக் கேளுங்கள். தெரியாது என்றால் நீங்கள் சொல்லுங்கள்.

(இயந்திரவியல், 2006–2010)