கோடை நாடகசாலை கண்ட சாமுவேல் பூட்

இடுக்கணே சிலர்க்கு ஏற்றந் தரும் ஏணியாய் அமைதலுண்டு. அதற்கு ஆங்கில நாட்டு நாடகாசிரியர் சாமுவேல் பூட் என்பார் வரலாறு தக்க சான்றாகும். நம் சங்கத்து அன்பர்களும் அவர்தம் குடும்பத்தாரும் அறிந்து பயன்கொள்ளுமாறு அதனை ஈண்டுச் சுருங்கக் கூறுவோம்.

இவர் 1720-ஆம் ஆண்டில் கார்ன்வாலைச் சார்ந்த ட்ரூரோ நகரிற் பிறந்தார். ஆக்ஸ்போர்டிற் பயின்றும் பட்டம் பெற்றாரல்லர். கைக்கு வந்த பொருளை ஆடம்பரத்திற் கரைத்துக் கடனாளியாய்ச் சிறையும் புகுந்தார், 1744-இல் மேடையேறினார். அவலச்சுவை வேடங்கள் அவர்க்கு ஒட்டவில்லை. பிறர் நடையையும் பேச்சையும் அவ்வாறே நடித்துக் காட்டும் திறமே இயல்பாய் வாய்த்திருந்தது.

இலண்டனில் உரைநாடகம் நடத்தும் உரிமையை 1737-ஆம் ஆண்டுச் சட்டம் ட்ரூரி லேன், காவெண்ட் கார்டன் என்னும் இரு நாடகசாலைகட்கே உரியதாக்கியிருந்தது. ஆகவே 1747-இல் ஹேமார்க்கெட் சிற்றரங்கில் பூட் தொடங்கிய நாடகம் தடுக்கப்பட்டது. அவரோ, நண்பர்களைச் சாக்கொலேட் பானம் அருந்த அழைப்பதாக விளம்பரஞ் செய்து, வந்த கூட்டத்தின் முன் நடித்துக் காட்டினார். சட்டத்தை இங்ஙனம் சாதுரியத்தால் வென்றாரேனும், நிலையான உரிமை கிட்டவில்லை.

1762-இல் டப்ளின் நகரத்து அச்சகத் தலைவர் ஜார்ஜ் பாக்னர் என்பாரை மேடையில் எள்ளி நகையாடினார். பாக்னர் ஒரு காலிழந்தவர். அக்குறையும் நகைப்பிற்கு இலக்காயிற்று. நான்காண்டு கழிந்து 1766-இல், பெருமக்கள் கூடிய மாளிகையொன்றில், வீம்பினால் முரட்டுக் குதிரையொன்றின்மீது ஏறி விழுந்தார் பூட். மருத்துவர் அவர் காலை வெட்டி நீக்க நேர்ந்தது! பிறர் ஊனத்தை நகைத்தார்க்குத் தம் ஊனமே ஆசிரியனாயிற்று.

உடனிருந்த யார்க் கோமகன் மனமிரங்கி அரசரிடம் பரிந்து பேசினார். அதன் பயனாக, மே 15 முதல் செப்டம்பர் 15 வரை ஹேமார்க்கெட்டில் நாடகம் நடத்தும் உரிமை பூட்டிற்கு ஆயுள் வரை கிடைத்தது. பெரிய நாடகசாலைகள் இரண்டும் கோடையில் மூடிக் கிடக்குமாதலின், வேலையற்ற நடிகர்க்கு ஊதியமும், புதியோர்க்கு வாய்ப்பும், நகரத்தார்க்கு இனிய பொழுதும் ஒருங்கே வாய்த்தன. 1767-இல் அரங்கைப் புதுக்கினார். மரக்காலுடன் நடித்து, 1770-இல் இயற்றிய 'நொண்டிக் காதலன்' என்னும் நாடகத்தில் தம் குறையையே நகைப்பொருளாக்கினார். 1772-இல் வந்த 'நவாபு' நாடகமோ நமக்கும் உறவுடையது. இந்தியாவிற் பெரும்பொருள் குவித்து மீண்டு, பாராளுமன்றப் பதவியையும் விலைக்கு வாங்கத் துணியும் கம்பெனியாரின் செருக்கை அது வெளியிட்டது.

1776-இல் பழைய ஊழியன் ஒருவன் இழிந்த பழி சுமத்தினான். நீதிமன்றம் அவரைக் குற்றமற்றவரெனத் தீர்த்தது. எனினும் உடலும் உள்ளமும் தளர்ந்தன. 1777-இல் ஆண்டுத்தொகை பெறும் ஒப்பந்தத்தின்படி ஜார்ஜ் கோல்மன் என்பாரிடம் நாடகசாலையை ஒப்படைத்தார். அவ்வாண்டு அக்டோபர் 21-இல் பிரான்சு செல்லும் வழியில் டோவரில் உயிர்நீத்தார். வெஸ்ட்மினிஸ்டர் ஆலயத்தில் அடக்கஞ் செய்யப்பட்டார்.

அவர் மறைந்தும் கோடை நாடகம் மறையவில்லை. கோல்மன் அதனைத் தொடர்ந்து வளர்த்தார். 1932-இல் இலண்டன் ரீஜண்ட் பூங்காவில் எழுந்த திறந்தவெளி அரங்கு இன்றும் கோடைதோறும் மக்களை ஈர்க்கின்றது. வெயிற்காலத்து ஓய்வும் மாலைப்பொழுதும் உள்ளவரை இவ்வின்பமும் நிலைக்கும் போலும்.

பூட்டின் நாவடக்கமின்மையை நாம் பின்பற்றற்க. வீழ்ந்தவிடத்தே எழுந்து, தாம் பெற்ற பேற்றைப் பலர்க்கும் பயன்படுத்திய ஊக்கத்தையே நம் இளைஞர் கைக்கொள்வாராக.