ஏஜி ஆபீஸ் முதல் சின்னத்திரை வரை... நன்னிலத்துக்காரர் பாலசந்தரின் ரூட்!

ஆபீஸ் முடிஞ்சு வந்து, ராத்திரி லேப்டாப்பைத் திறந்து ஸ்கிரிப்ட் எழுதுற ஆளா நீங்க? வேலையை விடலாமா, வேண்டாமானு மண்டையைக் குடையுதா? அப்போ இயக்குநர் கே.பாலசந்தர் கதை உங்களுக்குத்தான்.

1930-ல் நன்னிலம் பக்கத்தில் நல்லமாங்குடியில் பிறந்தவர். இன்று திருவாரூர் மாவட்டம். அன்று தஞ்சாவூர் ஜில்லா. அண்ணாமலைப் பல்கலைக்கழகத்தில் விலங்கியல் படித்தார். முத்துப்பேட்டையில் கொஞ்ச காலம் வாத்தியார் வேலை. 1950-ல் சென்னை ஏஜி ஆபீஸ். மாசம் பொறந்தா சம்பளம். கிராம முன்சீப் வீட்டுப் பையனுக்கு இதுக்கு மேல என்ன வேணும்?

அவருக்கு வேண்டியிருந்தது. பகலில் ஃபைல், சாயங்காலம் நாடகம். 'மேஜர் சந்திரகாந்த்', 'சர்வர் சுந்தரம்', 'எதிர்நீச்சல்' எல்லாம் படமாகும் முன்பே அவர் மேடையேற்றிய கதைகள். எம்.ஜி.ஆர் நடித்த 'தெய்வத்தாய்' (1964) படத்துக்கு வசனம் எழுதக் கூப்பிட்டபோது, நாடகத்தை நினைத்துத் தயங்கினாராம் மனுஷன்! கூட வேலை பார்த்தவர்கள் வற்புறுத்திய பிறகுதான் சம்மதித்தார். ஏஜி ஆபீஸ் நாற்காலியையும் உடனே காலி பண்ணவில்லை.

1965-ல் 'நீர்க்குமிழி' மூலம் இயக்குநர். ஆஸ்பத்திரிக்குள்ளேயே நடக்கும் கதை, காமெடியன் நாகேஷ் ஹீரோ. முதல் படத்துக்கு இந்த தைரியம் யாருக்கு வரும்? அப்புறம் நடந்தது உங்களுக்கே தெரியும். 'அபூர்வ ராகங்கள்' (1975) படத்தில் கேட்டைத் தள்ளிக்கொண்டு ரஜினி வந்தார். தெலுங்கில் 'மரோசரித்ரா', இந்தியில் 'ஏக் துஜே கே லியே' என்று மொழி தாண்டி ஓடியது வண்டி.

1990-களின் தொடக்கத்தில், அறுபது வயதுக்கு மேல், டி.வி பக்கம் வந்தார். சினிமாக்காரர்கள் சின்னத்திரையை ஒருபடி கீழே வைத்துப் பார்த்த காலம் அது. இவரோ 'ரயில் சிநேகம்', 'கையளவு மனசு', 'பிரேமி' என்று அடுத்தடுத்து எடுத்தார். இரண்டரை மணி நேரத்தில் அடக்க முடியாத பெண்களின் மனசுக்கு, வாரக்கணக்கில் நீளும் தொடர் இடம் கொடுத்தது. 'சிந்து பைரவி'க்குப் பிறகு என்ன ஆச்சு என்பதையே 'சஹானா' சீரியலாக்கினார். நாடக வாடை கொஞ்சம் தூக்கல்தான், ஒத்துக்கறேன். ஆனா பார்க்க ஆரம்பிச்சா விட முடியாது.

2014 டிசம்பர் 23-ல் காலமானார். அடுத்த ஆண்டு வெளியான 'உத்தம வில்லன்' படத்தில் நடிகராக வந்தார். சாகப்போகும் ஹீரோவை வைத்துக் கடைசிப் படம் எடுக்கும் டைரக்டர் வேஷம்.